கல்லறை உள்ளோரும் கல்லறை அற்றோரும்

போலந்து நாட்டின் கிராக்கோவ் நகருக்குச் செல்வோர்க்கு அங்குள்ள பயண நிறுவனங்கள் ஒரே நாளில் இரண்டு இடங்களைக் காட்டுகின்றன. காலையில் ஆஷ்விட்ஸ் வதைமுகாம். மாலையில் வியலிச்கா உப்புச் சுரங்கம். முன்னது ஏறத்தாழ 11 இலட்சம் மக்கள், அவர்களுள் மிகப் பெரும்பாலோர் யூதர்கள், கொல்லப்பட்ட இடம். சக கைதி ஒருவருக்குப் பதிலாகத் தம்மைக் கையளித்த புனித மாக்சிமிலியன் கோல்பே 1941 ஆகஸ்டு 14ஆம் நாள் உயிர் துறந்ததும் அங்கேதான். பின்னது 327 மீட்டர் ஆழம் வரை தோண்டப்பட்ட பழம்பெரும் சுரங்கம். நிலத்துக்குக் கீழே ஏறத்தாழ நூறு மீட்டர் ஆழத்தில், தொழிலாளரே உப்புப் பாறையைச் செதுக்கி எழுப்பிய புனித கிங்கா ஆலயம் அதனுள் இருக்கிறது.

ஒன்று மானுடக் கொடுமையின் எல்லை. மற்றொன்று மானுட உழைப்பின் அழகு. இவ்விரண்டையும் ஒரே நாளில் காண்பது பொருந்துமா எனச் சிலர் வினவக்கூடும். ஆனால் வரலாறு இவற்றை முன்னரே இணைத்துவிட்டது. 1944ஆம் ஆண்டில் பிளாஷோவ் முகாமிலிருந்து யூதக் கைதிகளை அழைத்துவந்து, இதே உப்புச் சுரங்கத்தினுள் விமான உதிரிப் பாகங்கள் செய்யும் வேலையில் நாசிகள் ஈடுபடுத்தினர். அடிமை உழைப்பும் போரும் சுரங்கமும் ஒன்றோடொன்று பின்னிக் கிடந்தன.

போலந்து மக்களுக்கு இத்தகைய இடங்கள் உண்டு. தமிழ் மக்களாகிய நமக்கு உண்டா? உண்டு. அது நம் நாட்டில் இல்லை. தாய்லாந்தின் காட்டுக்குள் இருக்கிறது.

ஒரு நாள் பயணம்

பாங்காக் நகரிலிருந்து மேற்கே ஏறத்தாழ 130 கிலோமீட்டர் தொலைவில் காஞ்சனபுரி என்னும் ஊர் உள்ளது. அதிகாலையில் சிற்றுந்தில் ஏறினால் இரவுக்குள் திரும்பிவிடலாம். நாமும் அவ்வாறு ஒரு குழுவாக, வழிகாட்டி ஒருவரின் துணையுடன் அங்குச் சென்றோம்.

முதலில் போர்க் கல்லறைத் தோட்டம். ஏறத்தாழ 7,000 போர்க்கைதிகள் அங்கே உறங்குகின்றனர். புல்வெளி கத்தரிக்கப்பட்டிருக்கிறது, வரிசைகள் நூல் பிடித்தாற்போல் நேராக உள்ளன. பிரிட்டானியர், ஆஸ்திரேலியர், டச்சுக்காரர் எனப் பலருடைய கல்லறைகளிலும் பெயர், படைப்பிரிவு, இறந்த நாள், வயது ஆகியவை பொறிக்கப்பட்டுள்ளன. சிலவற்றில் தாயோ மனைவியோ எழுதுவித்த ஓரிரு சொற்களும் உள்ளன. இருபத்திரண்டு, இருபத்து நான்கு என்னும் வயதுகளைப் படித்துக்கொண்டே நடப்போர்க்கு அந்த வெயிலிலும் பேச்சு எழுவதில்லை.

அடுத்து, திரைப்படத்தால் உலகப் புகழ் பெற்ற குவாய் ஆற்றுப் பாலம். அதன்பின் மேலும் 80 கிலோமீட்டர் வடமேற்கே, 'நரக நெருப்புக் கணவாய்' என்று கைதிகள் பெயரிட்ட பாறைவெட்டு. வழிகாட்டி நன்கு கற்றவர். கைதிகளின் துயரை உருக்கமாக விளக்கினார். ஆசியத் தொழிலாளரும் பல்லாயிரவர் மடிந்தனர் என்று ஒரே வாக்கியம் சொல்லிவிட்டு அடுத்த செய்திக்குச் சென்றார். அந்த ஒரு வாக்கியத்துக்குள்தான் நம் மக்கள் புதைந்து கிடக்கின்றனர்.

இருப்புப் பாதையின் கதை

1941 டிசம்பரில் மலாயாவில் இறங்கிய ஜப்பானியப் படை, 1942 பிப்ரவரி 15ஆம் நாள் சிங்கப்பூரைக் கைப்பற்றியது. பர்மாவும் விரைவில் அதன் கைக்கு வந்தது. ஆனால் பர்மாவில் நின்ற படைகளுக்கு உணவும் படைக்கலமும் கடல்வழியே அனுப்புவது நேச நாடுகளின் தாக்குதலால் இடர் மிகுந்ததாயிற்று. எனவே தாய்லாந்தின் பான்பொங் பகுதியிலிருந்து பர்மாவின் தான்பியூசயாட் வரை, மலையும் காடும் ஊடறுத்து, 415 கிலோமீட்டர் நீள இருப்புப் பாதை அமைக்க ஜப்பானியர் முடிவு செய்தனர். 1942இல் தொடங்கிய வேலை 1943 அக்டோபர் 17ஆம் நாள் நிறைவுற்றது. பல்லாண்டுகள் எடுக்கவேண்டிய பணியைப் பதினாறு மாதங்களுக்குள் முடித்தார்கள். அந்த வேகத்துக்கான விலையை மனித உயிர்களால் செலுத்தினார்கள்.

60,000க்கும் மேற்பட்ட போர்க்கைதிகள் அங்கே வேலை வாங்கப்பட்டனர். அவர்களுள் 12,000க்கும் மேற்பட்டோர் இறந்தனர். இது உலகறிந்த செய்தி. அவர்களைவிடப் பன்மடங்காக, பர்மியர், மலாய்க்காரர், சாவகர், தமிழர் என ஏறத்தாழ இரண்டு இலட்சம் ஆசியத் தொழிலாளர் கொண்டுசெல்லப்பட்டனர். அவர்களுள் இறந்தோர் ஏறத்தாழ 90,000 என்பது பலரும் எடுத்துரைக்கும் மதிப்பீடு. மலாயாவிலிருந்து மட்டும் 70,000க்கும் மேற்பட்டோர் சென்றனர். அவர்களிற் பெரும்பகுதியினர் இரப்பர்த் தோட்டங்களில் பால் மரம் வெட்டிய தமிழர்கள்.

அவர்கள் எவ்வாறு சிக்கினர்? போர் வந்ததும் இரப்பர் ஏற்றுமதி நின்றது. தோட்டத்துரைமார் ஓடிவிட்டனர். கூலி இல்லை, அரிசி இல்லை, மரவள்ளிக் கிழங்கே உணவாயிற்று. அந்நிலையில், மூன்று மாத வேலை, நல்ல கூலி, உணவு, உறைவிடம் என்று ஆசை காட்டினர். பசித்தவர்கள் நம்பிச் சென்றனர். சிலர் குடும்பத்தோடும் சென்றனர். போனவர்கள் திரும்பாதது கண்டு மற்றவர்கள் தயங்கியபோது வலைவீசிப் பிடித்தனர். இலவசத் திரைப்படம் என்று கூட்டி, கொட்டகையின் கதவை அடைத்து அப்படியே வண்டியேற்றிய கதைகளை மலேசியத் தமிழ்க் குடும்பங்கள் இன்றும் சொல்கின்றன.

கைதிகளுக்கு இருந்த ஒன்று இவர்களுக்கு இல்லாமற் போயிற்று. கைதிகள் ஒரு படையாகச் சென்றனர். அவர்களுக்கு அதிகாரிகள் இருந்தனர், மருத்துவர்கள் இருந்தனர், கொதிக்கவைத்த நீரையே பருகவேண்டும், கழிப்பிடத்தைத் தள்ளித் தோண்டவேண்டும் என்னும் ஒழுங்கு இருந்தது. நம் மக்களோ ஊரும் தலைமையும் அற்ற உதிரிகளாய்க் காட்டுக்குள் தள்ளப்பட்டனர். 1943இல் பருவமழையோடு வாந்திபேதி பரவியபோது முகாம் முகாமாக மடிந்தனர். பிணங்களைச் சேர்த்துப் புதைத்தனர், சேர்த்தே எரித்தனர். எவரும் பட்டியல் எழுதவில்லை.

பாறையைப் பிளந்தவர்கள்

நரக நெருப்புக் கணவாயில் நிற்போர்க்கு அது ஒரு கூரையற்ற சுரங்கமாகவே தோன்றும். 1943 ஏப்ரலில் அங்கே வேலை தொடங்கியது. ஒருவர் துளைக்கம்பியைப் பிடிக்க, மற்றவர் சம்மட்டியால் அடிக்க, துளையில் வெடிமருந்து இட்டுப் பாறையைப் பிளந்தனர். ஏறத்தாழ 25 மீட்டர் ஆழம் அவ்வாறு வெட்டப்பட்டது. இரவிலும் வேலை நடந்தது. மூங்கில் விளக்குகளும் தீவட்டிகளும் எரிய, எலும்பும் தோலுமான உருவங்கள் அவ்வொளியில் அசைந்த காட்சியே இடத்துக்கு அப்பெயரைத் தந்தது. உடைந்துபோன துளைக்கம்பி ஒன்று இன்றும் பாறையில் பதிந்து நிற்கிறது.

பாறையும் சம்மட்டியும் தமிழ்த் தொழிலாளர்க்குப் புதியன அல்ல. கோலார் தங்க வயலில் 1880களிலிருந்து ஆங்கிலேய நிறுவனம் தோண்டிய சுரங்கங்களுள் இறங்கியவர்களிற் பெரும்பாலோர் வட ஆர்க்காடு முதலிய மாவட்டங்களிலிருந்து சென்ற நம் ஏழை மக்களே. கூண்டில் நின்று, வெப்பம் மிகுந்த இருளுக்குள், மூன்று கிலோமீட்டருக்கும் மேற்பட்ட ஆழம் வரை இறங்கினர். பாறை வெடித்துச் சரியும்போது பலர் மீளவில்லை. எஞ்சியோரில் பலர் நுரையீரலில் தூசியேறி இருமியே மாண்டனர். 2001இல் அச்சுரங்கம் மூடப்பட்டது. தங்கம் உலகெங்கும் சென்றது. எடுத்தவர் பெயர் எங்கும் செல்லவில்லை.

ஆய்க்குடியில் வாழும் நமக்கு இன்னும் அருகிலேயே ஒரு சான்று உண்டு. செங்கோட்டையிலிருந்து புனலூருக்கு மலையைக் குடைந்து சென்ற பாதை 1904இல் திறக்கப்பட்டது. அதன் குகைகளையும் பதின்மூன்று கண் பாலத்தையும் கண்டு நாம் வியக்கிறோம். அதுவும் முதலில் மீட்டர்கேஜ் பாதை. சயாமின் மரண இரயில் பாதையும் மீட்டர்கேஜ் பாதையே. இரண்டையும் ஒன்றெனச் சொல்லவரவில்லை. ஒன்று கூலிக்குச் செய்த வேலை, மற்றொன்று அடிமை வேலை. ஆயினும் பாலத்தைக் கண்டதும் அதைத் திட்டமிட்டவரைப் பற்றிக் கேட்கும் நாம், கல் சுமந்தவரைப் பற்றிக் கேட்பதில்லை என்பது இரண்டுக்கும் பொது.

பெயர் யாருக்கு?

போர் முடிந்தபின் பிரிட்டானிய அரசின் குழுவினர் காட்டுக்குள் சென்று, கைதிகள் மறைத்து வைத்திருந்த குறிப்புகளின் துணையால், ஒவ்வொரு கல்லறையாகத் தேடி எலும்புகளை எடுத்துவந்து அடக்கம் செய்தனர். அது போற்றுதற்குரிய செயல். அதே காட்டில் தமிழர் எலும்புகள் அங்கங்கே கிடந்தன. அவற்றைத் தேட ஓர் அரசும் இல்லை. 1946இல் தாய்லாந்துப் பகுதியின் இருப்புப் பாதையை ஆங்கிலேயர் தாய்லாந்து அரசுக்கு விற்றனர். 1951இல் கையெழுத்தான சான்பிரான்சிஸ்கோ உடன்படிக்கை போர்க்கைதிகளுக்கு ஓரளவு இழப்பீட்டுக்கு வழி செய்தது. தோட்டத் தொழிலாளியை அது எண்ணவில்லை. 1990இல் காஞ்சனபுரியில் நிலத்தைத் தோண்டியபோது நூற்றுக்கணக்கானோரின் எலும்புகள் ஒரே புதைகுழியிற் கிடைத்தன. அப்போதும் அவை எவருடையவை என்று பெயர் சொல்ல எவராலும் இயலவில்லை.

இதில் ஒரு கசப்பான முரண் உண்டு. 1944இல் ஜப்பானியப் படையினரே பாலத்துக்கு அருகில் இறந்தோர்க்கு ஒரு நினைவுத் தூண் எழுப்பினர். அதில் தமிழிலும் சில வரிகள் உள்ளன. கொன்றவர்கள் எழுதிவைத்தார்கள், சொந்த மக்கள் நெடுங்காலம் எழுதவில்லை. மலேசியாவில் ஆர். சண்முகம் எழுதிய 'சயாம் மரண ரயில்' என்னும் புதினம் 1993இல் வந்தது. தப்பி வந்தவர்களின் வாய்மொழிகளைச் சிலர் தொகுத்தனர். காஞ்சனபுரியின் புத்த கோவில் ஒன்றில் 2023ஆம் ஆண்டில்தான் தமிழர்க்கென ஒரு நடுகல் நாட்டப்பட்டது. போரில் வீழ்ந்தவனுக்குக் கல் நட்டு, அவன் பெயரும் பீடும் எழுதிய மரபு நம்முடையது. அந்த மரபுக்குரிய மக்களுக்குக் கல் கிடைக்க எண்பது ஆண்டுகள் ஆயின. அதிலும் தனித்தனிப் பெயர்கள் இல்லை.

விடுதலைப் பயண நூலை நாம் நன்கறிவோம். பாரவோனின் களஞ்சிய நகரங்களுக்காகச் செங்கல் அறுத்த அடிமைகளின் வரலாறு அது. அந்நூலின் எபிரேயப் பெயருக்குப் 'பெயர்கள்' என்றே பொருள். உற்று நோக்கின் ஒரு வியப்பு தோன்றும். நகரங்கள் எழுப்பிய அந்தப் பேரரசனின் பெயரை நூல் எங்குமே சொல்வதில்லை. ஆனால் குழந்தைகளைக் காத்த எளிய மருத்துவச்சியர் இருவரின் பெயர்களைச் சிப்ரா, பூவா என்று குறித்து வைக்கிறது. உலக வரலாறு எழுதும் முறையை இறைவன் தலைகீழாகத் திருப்பி எழுதுகிறார். அரண்மனைகள் மறந்தவர்களை அவர் மறப்பதில்லை. ஆபேலின் இரத்தம் மண்ணிலிருந்து கூக்குரலிட்டது எனத் தொடக்க நூல் கூறுவதும் இதனாலேயே. புதைத்துவிட்டால் முடிந்தது என்று காயின் எண்ணினான். மண் அவ்வாறு எண்ணவில்லை.

இறைவன் நினைவில் வைத்திருக்கிறார் என்பது நமக்கு ஆறுதல். ஆனால் நம் மறதிக்கு அது சாக்காக இருத்தல் ஆகாது. நம் பங்குகளில் திருமுழுக்குப் பதிவேடும் இறப்புப் பதிவேடும் தலைமுறை தலைமுறையாகக் காக்கப்படுவது எதற்காக? அரசனாயினும் கூலியாயினும் ஒவ்வொருவரும் பெயர் சொல்லி அழைக்கப்பட்டவர் என்று திருச்சபை நம்புவதால்தான். மலாயாவுக்கும் சிலோனுக்கும் பர்மாவுக்கும் கடல் கடந்து சென்று கடிதம் நின்றுபோனவர்களைப் பற்றிய பேச்சு நம் வட்டாரத்துப் பழங்குடும்பங்களில் இன்னும் முற்றிலும் அற்றுவிடவில்லை. 'மலேயாவுக்குப் போனவர்' என்னும் ஒரே சொல்லில் ஒரு முழு வாழ்வு சுருங்கிக் கிடக்கும். அவருக்குப் பெயர் என்ன? யாருடைய மகன்? எந்த ஆண்டு கப்பலேறினார்? எந்தத் தோட்டம்? கடைசிக் கடிதம் எப்போது வந்தது? இவற்றை அறிந்த முதியோர் இன்றும் சிலர் இருப்பர். அவர்களும் சென்றுவிட்டால் கேட்க எவரும் இல்லை.

ஆகவே இல்லத்து முதியோரிடம் இளையோர் ஒரு மாலை அமர்ந்து கேட்கட்டும். கேட்டதை ஒரு குறிப்பேட்டில் எழுதட்டும். இறந்தோரை நினைவுகூரும் நவம்பர் மாதத்தில், உடல் கிடைக்காதவர்களின் பெயர்களும் நம் பீடத்தின் முன் வாசிக்கப்படட்டும். அவர்களுக்கு நாம் கல்லறை கட்ட இயலாது. அவர்கள் கிடக்கும் இடமே நமக்குத் தெரியாது. ஆனால் ஒரு பெயரை எழுதிவைக்க நிலமோ பொருளோ தேவையில்லை. கேட்கும் மனம் ஒன்றே போதும்.