மிக்கி செஞ்ச ரோபோவும் மாமாவோட தறியும்

போன ஞாயித்துக்கிழமை போளூர் போயிருந்தேன். மாமாவுக்குப் பொழுது போகலை. லேப்டாப்பில் ஒரு பழைய கார்ட்டூன் போட்டுக் காட்டினேன். 1933-இல் வால்ட் டிஸ்னி கம்பெனி எடுத்த 'மிக்கிஸ் மெக்கானிக்கல் மேன்'. கறுப்பு வெள்ளை, ஏழு நிமிஷம்தான். இயக்கம் வில்ஃப்ரெட் ஜாக்ஸன்.

மிக்கி இதில் விஞ்ஞானி. தான் செஞ்ச ரோபோவுக்குக் குத்துச்சண்டை பழக்கி, ஒரு கொரில்லாவோட மோத விடுறார். (அதே வருஷம் மார்ச்சில்தான் 'கிங்காங்' ரிலீஸ். கொரில்லா எங்கேர்ந்து வந்துச்சுன்னு புரியுதா? :)) ரோபோவுக்கு ஒரே ஒரு வியாதி, மின்னியோட கார் ஹாரன் கேட்டா வெறி பிடிச்சுடும். மேடையில் அடி வாங்கி நொறுங்கிக் கிடக்கும்போது மின்னி ஓடிப்போய் அந்த ஹாரனைத் தூக்கிட்டு வந்து அமுக்க... அப்புறம் கொரில்லா கதி அதோகதி!

சிரிப்புப் படம்தான். ஆனா அப்போ அமெரிக்காவில் ஏறக்குறைய நாலில் ஒருத்தருக்கு வேலை இல்லை. மெஷின் வந்து நம்மைத் துரத்திடும்ங்கிற பயம் நிஜம். 'ரோபோ'ங்கிற சொல்லே 1921-இல் மேடையேறிய காரெல் சாபெக் நாடகத்திலிருந்து பரவினதுதான். செக் மொழியில் 'ரோபோட்டா'ன்னா கூலியில்லாத கட்டாய உழைப்பு. நம்ம ஜமீன் காலத்து வெட்டி வேலைன்னு வெச்சுக்குங்களேன்.

மாமா முப்பது வருஷம் ஆரணிப் பட்டு நெய்தவர். "உங்க ஜக்கார்டு பெட்டியும் மெஷின்தானே மாமா?"ன்னு வம்புக்கு இழுத்தேன். பிரான்சில் லியோன் நகரத்து ஜோசப் மாரி ஜக்கார்ட் 1804-இல் கண்டுபிடிச்சது அது. அதுவரைக்கும் அங்கே பூ வேலைக்கு இழை தூக்கிவிட ஒரு பையன் கூடவே இருக்கணும். துளை போட்ட அட்டை வந்தது, பையனுக்கு வேலை போச்சு. அந்த அட்டை யோசனையைத்தான் பாபேஜ் தன் கணக்கு இயந்திரத்துக்கு எடுத்துக்கிட்டார்.

மாமா அசரலை. "ஜக்கார்டு பூவை மட்டும் பாத்துக்கும். மிதி மிதிக்கிறதும் நாடா அடிக்கிறதும் நான்தானே? விசைத்தறியில நான் எங்கடா இருக்கேன்?"

பல சேலை ரகங்கள் கைத்தறிக்கு மட்டும்னு 1985-இல் சட்டமே போட்டாங்க. செல்லும்னு 1993-இல் உச்ச நீதிமன்றமும் சொல்லிடுச்சு. மாமா தெருவில் மட்டும் ராத்திரி பூரா விசைத்தறிச் சத்தம். அவர் தறியைப் பிரிச்சுப் பரண்ல போட்டு எட்டு வருஷமாச்சு.

படம் முடிஞ்சதும் மூடப் போனேன்.

"இருடா, அந்த ஆரன் அடிக்கிற இடத்தை இன்னொரு தடவை போடு."