மேடைக் குரலும் திரை வேடமும்: கே.பி. சுந்தராம்பாளை முன்வைத்து ஓர் ஆய்வு

தமிழ் இசை நாடகத்தைத் திரைப்படம் விழுங்கிவிட்டது என்பது திரை வரலாற்றில் ஊன்றிவிட்ட கருத்து. மேடையிலிருந்து திரைக்குப் போன எம்.கே. தியாகராஜ பாகவதரையும் பி.யு. சின்னப்பாவையும் இதற்குச் சான்று காட்டுவர். கே.பி. சுந்தராம்பாளின் (1908–1980) கலைவாழ்வு இக்கருத்தைத் திருத்துகிறது. அவரை ஏற்கத் திரையே வளைந்து கொடுத்தது; ஆனால் அவர் குரலின் காதல் முகம் திரைக்குக் கிட்டாமலே போயிற்று என்பதே இக்கட்டுரையின் வாதம்.

ஒலிபெருக்கியின் துணையின்றிக் கொட்டகையின் கடைசித் தரை டிக்கெட்காரருக்கும் எட்ட வேண்டிய குரல் அது. உச்ச சுருதியிலும் சொல் சிதையாது. 'ஒன்ஸ்மோர்' எழுந்தால் மீண்டும் பாடவும் தெம்பு வேண்டும். இலங்கை மேடையில் எஸ்.ஜி. கிட்டப்பாவுடன் இணைந்த அவர், 'வள்ளி திருமண'த்தில் வள்ளியாக நடித்தார். 1933 டிசம்பரில் கணவர் கிட்டப்பா மறைந்தபின் வெள்ளைப் புடவைக்கு மாறினார். எந்த ஆடவருக்கும் இணையாக நடிப்பதில்லை என்று உறுதி பூண்டார்.

அந்த உறுதியே திரைக்கு நிபந்தனையாயிற்று. 'நந்தனார்' (1935) படத்தில் அவருக்கு ஆண் வேடம். ஒரு லட்சம் ரூபாய் ஊதியம் பெரும் பேச்சானது. எனினும் படத்தைக் கல்கி ஆனந்த விகடனில் கடுமையாகச் சாடினார். 'மணிமேகலை'யில் (1940) துறவி வேடம். 'ஔவையார்' (1953) படத்திலோ எஸ்.எஸ். வாசன் அவர் குரலைச் சுற்றியே கதையைக் கட்டினார். 'பூம்புகார்' (1964) கவுந்தியடிகளும் துறவியே. பின்னணிப் பாடல் முறை வேரூன்றி, முகம் ஒருவருடையது குரல் வேறொருவருடையது என்றான பின்னரும், தம் முகத்துக்குத் தாமே பாடிய சிலருள் அவர் ஒருவர். 'துணைவன்' (1969) அவருக்குத் தேசிய விருதைத் தந்தது.

இவ்வேடங்கள் அவர் வயதுக்கேற்ப அமைந்தவை எனலாம். ஆனால் நந்தனாராக நடித்தபோது அவர் முப்பதைக்கூட எட்டவில்லை. ஆகவே காரணம் வயதன்று, அவர் விதித்த நிபந்தனையே.

மேடைக் கலைஞர் திரைக்குப் போனது மலாயாவுக்கும் அயலான கதையன்று. பார்சி நாடகத்தின் தாக்கத்தில் வளர்ந்த பங்சாவான் என்னும் மலாய் நாடக மேடையின் கலைஞர்களும் 1930களில் மலாய்த் திரைக்குள் நுழைந்தனர். ஆயினும் கோல சிலாங்கூர், ஈஜோக், இன்றைய புஞ்சாக் ஆலாம் வட்டாரத் தோட்டத் தமிழருக்குச் சுந்தராம்பாள் பெரிதும் வந்து சேர்ந்தது திடலில் வெள்ளைத் துணி கட்டிக் காட்டிய படங்களிலும், மாரியம்மன் கோயில் திருவிழா ஒலிபெருக்கியிலும்தான். ஆகவே இங்கே அவர் என்றும் ஔவை. வள்ளியாக அவரை அறிந்தவர் அரியர்.

எனவே திரைப்படங்களை மட்டும் கொண்டு அவர் கலையை மதிப்பிடுவது அரைகுறை ஆய்வாகும். அவரும் கிட்டப்பாவும் பாடிய இசைத்தட்டுகளே அந்த வள்ளியைத் தேட நமக்கு எஞ்சியுள்ள வழி. அவற்றைத் தொகுப்பதும், தோட்டத்து முதியோரின் கேள்வி அனுபவத்தைப் பதிவு செய்வதும் மலேசியத் தமிழாய்வு உடனே மேற்கொள்ள வேண்டிய பணி. அந்தத் தலைமுறை நம்மிடையே இருக்கும்போதே இதைத் தொடங்கியாக வேண்டும்.