ஒலித்துணுக்கும் திரையிசையும்: சிங்கப்பூர்த் தொடர்பு குறித்த ஒரு வரலாற்று நோக்கு

தமிழ்த் திரையிசைக்கும் சிங்கப்பூருக்கும் உள்ள உறவைப் பேசுவோர் பெரும்பாலும் ‘பிரியா’ (1978), ‘நினைத்தாலே இனிக்கும்’ (1979) ஆகிய படங்களோடு நின்றுவிடுகின்றனர். அவற்றில் இந்நகரம் காட்சிக்களம் மட்டுமே. இசையை ஆக்கியோர் சென்னையில் வாழ்ந்த இளையராஜாவும் எம். எஸ். விசுவநாதனும் ஆவர். ஆக்குவோர் இங்கிருந்தும் எழுந்தது எவ்வாறு என்னும் வினாவை நாம் எடுத்துக்கொள்கிறோம். விடை தேட, ஒரு கருவியின் வரலாற்றையும் அதனோடு வளர்ந்த ஓர் இசைவாழ்வையும் முதலில் அறிதல் வேண்டும்.

‘சாம்ப்ளர்’ என்பது பதிவுசெய்த ஓர் ஒலித்துணுக்கை விசைப்பலகையின் ஒவ்வொரு கட்டைக்கும் உரிய சுருதியில் ஒலிக்கச் செய்யும் கருவி. 1979-இல் ஆஸ்திரேலியாவில் உருவான ‘ஃபேர்லைட்’ இவ்வகையில் முன்னோடி. அதன் நினைவகத்தில் ஏறத்தாழ ஒரு நொடி ஒலியே அடங்கும். முரசுக்கு அது போதும்; வீணைக்குப் போதாது. சுரத்திலிருந்து சுரத்திற்கு வழுக்கிச் செல்லும் கமகத்தைத் தனிச்சுரத் துணுக்குகளைக் கோத்து உண்டாக்குதல் அரிது. நம் இசைக்கு இக்கருவி எளிதில் பொருந்தாமைக்கு இதுவே தலையாய காரணம் என்பது நம் கருத்து.

ஏ. ஆர். ரகுமான் (பி. 1967) இத்தடையைக் கடந்த விதம் நுணுகி நோக்கத்தக்கது. திரையிசைக் கலைஞர் ஆர். கே. சேகரின் மகனாகிய அவர், 1976-இல் தந்தையை இழந்தபின், இளையராஜா உள்ளிட்டோரின் குழுக்களில் விசைப்பலகை வாசித்தார், விளம்பரங்களுக்கும் இசையமைத்தார். வீட்டையொட்டித் தாமே அமைத்த ஒலிப்பதிவுக்கூடத்திலிருந்து ‘ரோஜா’ (1992) வெளிவந்தது. முதல் படத்திற்கே தேசிய விருது கிட்டியது. கருவிக் கலைஞரைத் தம் விருப்பம்போல் நெடுநேரம் வாசிக்கவிட்டு, முழுவதையும் பதிந்து, வேண்டிய பகுதிகளை மட்டும் வெட்டியெடுத்து மின்னணுத் தாளத்தின்மேல் அடுக்குவது அவர் முறை. இங்குத் துணுக்கின் அலகு ஒரு சுரமன்று, ஒரு முழுச் சங்கதி. ஆதலின் கமகம் சிதையவில்லை.

இம்மாற்றத்தால் பெருங்குழுவாக அமர்ந்து வாசித்த வயலின் கலைஞர் பலருக்கு வேலை குறைந்தது. ஆயினும் ரகுமானின் ஒலிநாடா உறைகளில் கருவிக் கலைஞர் பெயர்கள் அச்சாயின. அதற்குமுன் அவ்வழக்கம் அரிது. சிராங்கூன் சாலைக் கடைகளில் அந்நாடாக்களை வாங்கியோர்க்குப் புல்லாங்குழல் நவீன் போன்றோர் பெயரளவில் அறிமுகமாயினர். (அக்கடைகளுட் பல இன்று இல்லை.)

திரையிசைக்குப் பெருங்குழு இன்றியமையாதது என்னும் நிலை மாறியபின், அத்தகைய குழுக்கள் இல்லாத ஊர்களுக்கும் வாயில் திறந்தது. ‘எந்திரன்’ (2010) படத்தில் ரகுமானின் ‘இரும்பிலே ஓர் இருதயம்’ பாடலுக்குச் சிங்கப்பூரின் லேடி கேஷும் கிரிசியும் குரல் தந்தனர். 2005-இல் ‘வசந்தம் ஸ்டார்’ போட்டியில் வென்ற ஷபீர், 2012-இல் ‘சிங்கை நாடு’ என்னும் தேசிய தினப் பாடலை அளித்தார்; 2019-இல் சென்னைப் படமாகிய ‘சகா’வுக்கு இசையமைத்தார்.

‘சகா’வின் ‘யாயும்’ பாடல் தமிழாசிரியர்க்குத் தனிச்சுவை பயப்பது. குறுந்தொகையின் 40-ஆம் செய்யுளை எடுத்து அதன்மேல் புதுமெட்டு அமைத்திருக்கிறார் ஷபீர். எடுத்தாள்தல் நம் மரபுக்குப் புதிதன்று. மணிமேகலை ஒரு குறளைத் தன்னுள் அமைத்து, அதன் ஆசிரியரைப் புகழ்ந்தும் செல்கிறது. குறுந்தொகைப் புலவர்க்கோ அந்தப் பேறில்லை. அவர் இயற்பெயர் மறைந்துபோக, தொகுத்தோர் அவர் பாட்டிலிருந்தே ஒரு துணுக்கை எடுத்துச் செம்புலப்பெயனீரார் என்று வழங்கினர்.