சொல்லே அம்பாக

1888 ஜூலை 25 அன்று அமெரிக்காவின் சின்சினாட்டி நகரில் ஒரு தட்டச்சுப் போட்டி நடந்தது. நீதிமன்றச் சுருக்கெழுத்தாளரான ஃபிராங்க் மக்கரின், விசைகளைப் பாராமலே அடித்து, பார்த்து அடித்த லூயி டிராபை வென்றார். விரல் தன் வழியே செல்லக் கண் பிரதியிலேயே நிலைத்திருக்க வேண்டும் என்னும் பாடம் அவ்வெற்றியால் புகழ் பெற்றது.

பாடம் எளிது; பயிற்சியோ சலிப்பூட்டுவது. பொருளற்ற எழுத்து வரிசைகளை அடித்து அலுத்த கண், தானாகவே விரல்களை நோக்கி இறங்கிவிடும். பயிற்றுநரின் அதட்டல் செய்துவந்த வேலையைக் கணினி யுகத்தில் அச்சம் ஏற்றுக்கொண்டது என நாம் கருதுகிறோம்.

1978இல் வந்த 'ஸ்பேஸ் இன்வேடர்ஸ்', இறங்கிவரும் பகைவரைச் சுட்டு வீழ்த்தும் ஆட்டத்தை உலகெங்கும் பரப்பியது. மூன்றாண்டுகளுக்குப் பின், 1981இல், புரூஸ் ஸ்வைக் ஆப்பிள் 2 கணினிக்கு 'மாஸ்டர்டைப்' விளையாட்டை உருவாக்கினார். திரையின் நடுவே ஒரு விண்கலம். நான்கு மூலைகளிலும் நான்கு சொற்கள். அங்கிருந்து கிளம்பும் தாக்குதல் கலத்தை எட்டுமுன் அந்தந்தச் சொல்லை அடித்து அழிக்க வேண்டும். கண்ணைத் திரையிலிருந்து எடுத்தால் கலம் அழியும். மக்கரினின் பாடத்தை இனி எவரும் வாயால் சொல்ல வேண்டியதில்லை.

இம்மரபின் விசித்திரமான உச்சம், செகா நிறுவனம் 1999இல் ஜப்பானிய ஆர்கேட் கூடங்களுக்குக் கொண்டுவந்த 'தி டைப்பிங் ஆஃப் தி டெட்'. முந்தைய ஆண்டின் 'தி ஹவுஸ் ஆஃப் தி டெட் 2' என்னும் துப்பாக்கி ஆட்டத்தில், துப்பாக்கியை நீக்கி விசைப்பலகையை வைத்தார்கள். நடைப்பிணங்கள் நெருங்குகையில் அவற்றின் முன் தோன்றும் சொல்லை அடித்தால்தான் குண்டு பாயும். நாயகர்களோ விளையாட்டுக் கணினியை முதுகில் சுமந்து, விசைப்பலகையை மார்பில் தொங்கவிட்டிருப்பார்கள்.

இங்கே ஒன்று கவனிக்கத்தக்கது. ஜப்பானியப் பதிப்பில் சொற்றொடர் ஜப்பானிய எழுத்தில் தோன்றும்; ஆடுபவர் அதன் ஒலியை ரோமன் எழுத்துகளில் அடிக்க வேண்டும். ஆங்கிலப் பதிப்பிலோ சொற்றொடர்கள் பலவும் வேண்டுமென்றே கோமாளித்தனமானவை. பொருள் புரிந்து சிரித்தவரின் விரல் தடுமாறும், பிணம் நெருங்கிவிடும்.

பழைய பயிற்சி பொருளை ஒதுக்கிவிட்டு விரலைப் பழக்கியது. பொருள் குறுக்கிடும்போதும் நிலைகுலையாத விரலை இவ்விளையாட்டு கோரியது. எழுதுவோர்க்கு வேண்டியது இவ்விரண்டாம் பயிற்சியே அல்லவா?