சீரியல் நோட்டு

1996 செப்டம்பரில் எங்கள் பர்மாவில் ஒரு சட்டம் வந்தது. கம்ப்யூட்டர் அறிவியல் வளர்ச்சிச் சட்டம் என்று பெயர். பெயரைக் கேட்டால் வீட்டுக்கு ஒரு கம்ப்யூட்டர் இலவசமாகத் தரப்போகிறார்கள் என்று தோன்றும். உள்ளே படித்தால் கதை வேறு. அரசு குறிப்பிடும் வகைக் கம்ப்யூட்டரை முன் அனுமதி இல்லாமல் இறக்கினாலும், வைத்திருந்தாலும், பயன்படுத்தினாலும் 7 முதல் 15 ஆண்டு வரை சிறை. சட்டம் வருவதற்கு மூன்று மாதம் முன்புதான் லியோ நிக்கல்ஸ் ரங்கூன் இன்செயின் சிறையில் இறந்திருந்தார். டென்மார்க் முதலான ஐரோப்பிய நாடுகளுக்குக் கௌரவத் தூதராக இருந்தவர். அனுமதி இல்லாமல் ஃபேக்ஸ் இயந்திரங்கள் வைத்திருந்தார் என்பது அவர்மேல் வழக்கு. அதனால் புதுச் சட்டத்தை வேடிக்கையாக எடுத்துக்கொள்ள இந்த ஊரில் யாருக்கும் துணிச்சல் இல்லை.

அதே ஆண்டு, அதே ரங்கூனில், வெளிநாட்டு கேம் ஒன்றை எத்தனை பிரதி வேண்டுமானாலும் எடுத்து நடைபாதையில் அடுக்கி விற்கலாம். பதிப்புரிமைச் சட்டம் அதைத் தொடாது. எங்களிடம் இருந்தது 1914ஆம் ஆண்டுச் சட்டம். வெள்ளைக்காரன் தன் 1911 சட்டத்தை இந்தியாவுக்குக் கொடுத்தபோது, இந்தியாவோடு ஒட்டிக்கொண்டிருந்த பர்மாவுக்கும் சேர்த்துக் கொடுத்தது. வெளிநாட்டில் முதலில் வெளியான படைப்புக்கு அதில் பாதுகாப்பு இல்லை. கம்ப்யூட்டருக்கு லைசென்ஸ் வேண்டும், கேமுக்கு வேண்டாம் என்ற இந்த வினோதத்துக்கு நடுவில்தான் நான் தொழில் கற்றேன்.

கற்றதற்கும் அரசாங்கம்தான் காரணம். 1996 டிசம்பரில் மாணவர் போராட்டம் நடந்ததும் பல்கலைக்கழகங்களை மூடினார்கள். 2000இல்தான் முழுதாகத் திறந்தார்கள். பட்டம் வாங்க வேண்டிய வயதில் எங்கள் தலைமுறை தெருவில் நின்றது. கே.எம்.டி. போன்ற தனியார் பயிற்சிக் கூடங்கள் நிரம்பி வழிந்தன. அங்கே பாடம் கொஞ்சம், கேம் அதிகம். பிரின்ஸ் ஆஃப் பெர்சியா ஞாபகம் இருக்கிறதா? முதல் கட்டம் முடிந்ததும் ஓர் அறை வரும். எழுத்துகளுக்குக் கீழே மருந்துப் புட்டிகள். கையேட்டில் இன்ன பக்கம், இன்ன வரி, இன்ன சொல்லின் முதல் எழுத்தைப் பார்த்துச் சரியான புட்டியைக் குடிக்க வேண்டும். கையேடு எங்கள் வகுப்பில் யாரிடமும் இல்லை. எந்தக் கேள்விக்கு எந்த எழுத்து என்று செத்துச் செத்துக் கண்டுபிடித்து ஒருவன் தாளில் எழுதி வைத்திருந்தான். தொலைந்த குறியீட்டை மீட்கும் வேலையை நான் முதலில் பார்த்தது அந்தத் தாளில்தான்.

பிறகு டிஸ்க் வந்தது. ரங்கூனுக்கு அது வந்த வழிகள் மூன்று. பாங்காக்கில் பான்டிப் பிளாசா ஒன்று; அங்கே கிடைக்காத சாஃப்ட்வேர் கிடையாது. இரண்டாவது, கப்பல்காரர்கள். பர்மாவில் கப்பல் வேலைக்குப் போனவர்கள் ஏராளம். சிங்கப்பூரிலும் பூசானிலும் இறங்கும்போது பிள்ளைகளுக்கு ஒரிஜினல் பெட்டியே வாங்கி வருவார்கள். மூன்றாவது வழி எங்கள் தமிழ் ஆட்களுடையது: சென்னை பர்மா பஜார்.

இதைக் கொஞ்சம் நின்று சொல்ல வேண்டும். 1964 மார்ச்சில் இராணுவ ஆட்சியாளர் நே வின் அரசு கடைகளைத் தேசியமயமாக்கியது. மே மாதம் 50, 100 கியாட் நோட்டுகள் செல்லாது என்றார்கள். இலட்சக்கணக்கில் இந்தியர்கள் கப்பல் ஏறினார்கள். என் பெரியப்பாவும் அதில் ஒருவர். அப்படிப் போனவர்களின் பிழைப்புக்காகச் சென்னைக் கடற்கரை ரயில் நிலையத்துக்கு எதிரே 1969இல் உருவானது அந்தக் கடைவரிசை. முதலில் வெளிநாட்டு சென்ட்டும் டிரான்சிஸ்டரும். அப்புறம் வீடியோ கேசட். தொண்ணூறுகளின் பின்பாதியில் சிடி. பெரியப்பா மகன், எனக்கு அண்ணன் முறை, ஊருக்குப் போய்வருவோர் பெட்டியில் எனக்கு டிஸ்க் கொடுத்தனுப்புவார். ரங்கூனிலிருந்து துரத்தப்பட்டவர்கள் போட்ட கடையிலிருந்து ரங்கூனுக்கே சரக்கு வந்தது. நடுவில் எந்த அரசாங்கமும் இதில் ஒரு பைசா வரி பார்க்கவில்லை. 2004இல் தமிழ்நாட்டில் வீடியோ திருட்டைக் குண்டர் சட்டத்துக்குள் கொண்டுவந்தார்கள். சோதனைகள் கூடின, அண்ணன் மொபைல் உறை விற்கப் போய்விட்டார்.

ஒரிஜினலில், கேமை நிறுவும்போது கேட்கும் எண்ணான சிடி கீ பெட்டியின் பின்பக்கம் ஒட்டியிருக்கும், இல்லாவிட்டால் கையேட்டின் பின்னட்டையில். பஜார் டிஸ்க்கில் அது உறைமேல் பால்பாயின்ட்டில் கிறுக்கியிருக்கும். இரண்டுக்கும் எமன் ஒருவன்தான்: ரங்கூன் மழை. ஆண்டுக்கு ஏறக்குறைய 2,700 மில்லிமீட்டர், அதில் பெரும்பகுதி ஐந்து மாதத்துக்குள். டிஸ்க் தாங்கும், தாள் தாங்காது. பூஞ்சை முதலில் பசையைத் தின்னும், பிறகு மையை.

அழிந்த எழுத்தைப் படிக்க ஒரு படிப்பு இருக்கிறது. ஸ்டார்கிராஃப்ட் 1998இல் வந்தது. அதன் கீ 13 இலக்கம். முதல் 12 இலக்கங்களைக் கணக்குப் போட்டு வருவதுதான் 13வது. ஆகவே ஓர் இலக்கம் மட்டும் அழிந்திருந்தால் 0 முதல் 9 வரை போட்டுப் பார்த்தால் போதும், கேமே சொல்லிவிடும். மைக்ரோசாஃப்ட்டின் 25 எழுத்துக் கீ இன்னும் நல்லது. அந்தக் காலத்தில் அதில் வந்தது 24 குறிகள் மட்டும். ஆங்கில உயிரெழுத்து ஒன்றுகூடக் கிடையாது. எல், எஸ், இஸட் கிடையாது. 0, 1, 5 கிடையாது. வாடிக்கையாளர் பூஜ்யம் என்று அடித்துச் சொன்னால் அது கியூ, வால் அழிந்திருக்கிறது என்று நான் சொல்வேன். பெரும்பாலும் சரியாக இருக்கும். குழப்பம் வரக்கூடாது என்று மைக்ரோசாஃப்ட்டில் யாரோ உட்கார்ந்து யோசித்திருக்கிறார்கள். அவருக்கு என் வணக்கம்.

கேம் கடைகளுக்கு வந்தது வேறு தொல்லை. 2003க்குப் பிறகு மூலைக்கு ஒரு கடை முளைத்தது. பத்து மெஷின், ஒரு ஸ்விட்ச், வாசலில் ஜெனரேட்டர். ஸ்டார்கிராஃப்ட் இதில் பெருந்தன்மையான கேம். ஒரு டிஸ்க்கை வைத்து எட்டுப் பேர் வரை சேர்ந்து ஆட அதைச் செய்தவர்களே வழி வைத்திருந்தார்கள். கமாண்ட் அண்ட் கான்கர் ஜெனரல்ஸ் அப்படி இல்லை. ஒரே சீரியல், அதாவது ஒரே கீ, உள்ள இரண்டு மெஷின்களை லேன் நெட்வொர்க்கில் சேர்க்காது. கடைக்காரர்களோ ஒரு மெஷினைத் தயார் செய்து நார்ட்டன் கோஸ்ட் சாஃப்ட்வேரில் மற்ற எல்லாவற்றுக்கும் நகல் எடுப்பவர்கள். பத்திலும் ஒரே சீரியல் உட்கார்ந்திருக்கும். போதாக்குறைக்குக் கள்ளப்பிரதி என்று மோப்பம் பிடித்தால் ஆட்டம் தொடங்கி அரை நிமிடத்தில் நம் கட்டடங்கள் அத்தனையும் தானாக வெடிக்கும். காசு கொடுத்த பையன்கள் கத்துவார்கள்.

ஆகவே ஒவ்வொரு கடையிலும் ஒரு நோட்டு. எந்த மெஷினுக்கு எந்த சீரியல் என்று அதில் இருக்கும். சில கடைகளில் எண்களைப் பர்மிய எழுத்திலேயே எழுதுவார்கள். அதில் பூஜ்யமும் 'வ' எழுத்தும் பார்வைக்கு ஒன்றுதான், படிப்பவன் தலையெழுத்து. நோட்டு தொலைந்தால் கடையே படுத்துவிடும். அப்போதுதான் என்னைக் கூப்பிடுவார்கள்.

நோட்டு தொலைந்தாலும் நம்பர் தொலைவதில்லை என்பதை ரங்கூனில் பலர் அறியாமல் இருந்தார்கள். அந்தக் காலத்து கேம்கள் நிறுவும்போது வாங்கிய கீயை விண்டோஸ் ரெஜிஸ்ட்ரியில் எழுதி வைக்கும். எலக்ட்ரானிக் ஆர்ட்ஸ் கேம் என்றால் அந்த நிறுவனத்தின் பெயருக்குக் கீழே கேமின் பெயர், அதற்குக் கீழே ஈ.ஆர்.ஜி.சி. என்று ஓர் அறை. திறந்தால் கீ பளிச்சென்று இருக்கும். மெஷின் எழாவிட்டாலும் பரவாயில்லை. ஹார்டு டிஸ்க்கைக் கழற்றி யுஎஸ்பி அடாப்டரில் வேறு கம்ப்யூட்டரில் மாட்டுங்கள். விண்டோஸ் ஃபோல்டரில் சிஸ்டம்32, அதற்குள் கான்ஃபிக், அதில் சாஃப்ட்வேர் என்ற பெயரில் வால் இல்லாத ஒரு ஃபைல். ரெஜிஸ்ட்ரி எடிட்டரில் லோட் ஹைவ் கொடுத்து அதை ஏற்றினால், செத்த மெஷின் தன் ரகசியங்களைச் சொல்லும்.

ஒரு கப்பல்காரர் சிம்ஸ் 2 பெட்டியோடு வந்தார். "தம்பி, பெட்டி இருக்கு, டிஸ்க் இருக்கு, நம்பர் இருந்த புஸ்தகத்தைக் கரையான் தின்னுருச்சு." மகள் சின்ன வயதில் ஆடியது, மறுபடி கேட்கிறாளாம். மின்சாரம் போய்ப்போய் வந்ததில் மதர்போர்டு கருகியிருந்தது, ஹார்டு டிஸ்க் தப்பியிருந்தது. மேலே சொன்ன வழியில் நம்பர் கிடைத்தது. இதில் எனக்கு ஒரு வயிற்றெரிச்சல் உண்டு. 2014 ஜூலையில் எலக்ட்ரானிக் ஆர்ட்ஸ் நிறுவனமே சிம்ஸ் 2 முழுத் தொகுப்பையும் எல்லோருக்கும் இலவசமாகக் கொடுத்தது. ஜூலை 31 வரை கேட்டால் போதும். எங்கள் ஊரில் சாதாரண ஆள் 1,500 கியாட்டுக்கு சிம் கார்டு வாங்கி இணையத்துக்குள் கால் வைத்தது ஆகஸ்டில், ஊரிடூ மொபைல் நிறுவனம் வந்த பிறகு.

இணையத்தைச் சொன்னதால் இதையும் சொல்ல வேண்டும். கீ பெட்டியில் இருந்தவரை மழையும் கரையானும்தான் எதிரி. 2004 நவம்பரில் ஹாஃப்-லைஃப் 2 வந்தது. ஒரிஜினல் டிஸ்க் கையில் இருந்தாலும் வால்வ் நிறுவனத்தின் ஸ்டீம் சேவையில் இணையம் வழியாக ஒருமுறை அனுமதி வாங்கினால்தான் திறக்கும். ஒரு பையன் சிபியுவைச் சைக்கா என்ற சைக்கிள் ரிக்‌ஷாவில் வைத்து இன்டர்நெட் கடைக்குக் கொண்டுபோனான். கடைக்காரர் கேபிளைக் கழற்றித் தர மறுத்துவிட்டார். அவரைக் குற்றம் சொல்ல முடியாது. 1996 சட்டம் அனுமதியில்லாத இணைப்புக்கும் சிறை சொன்னது. பையன் திரும்பி வந்து நடைபாதையில் பூட்டு உடைத்த பிரதி வாங்கினான். காசு கொடுத்து வாங்கியவன் ஆட முடியவில்லை, கொடுக்காதவன் ஆடினான். அந்த அநியாயம் ரங்கூனில் வேறெங்கையும்விட அப்பட்டமாகத் தெரிந்தது.

2007இல் பயோஷாக் முதலில் இரண்டே மெஷின் என்று கணக்கு வைத்தது. எதிர்ப்பு வந்ததும் ஐந்தாக்கினார்கள், 2008 ஜூனில் கணக்கையே எடுத்தார்கள். பயோஷாக் வெளியான மறுமாதம், பிக்குகளின் ஊர்வலத்துக்குப் பிறகு, இங்கே நாடு முழுவதும் இணையத்தை அணைத்தார்கள். 2008 ஸ்போருக்கு மூன்று மெஷின். வோல்டேஜ் ஏறி இறங்கும் ஊரில் ஒரு பலகை கருகினால் கேமுக்கு அது புது மெஷின். மூன்று வாய்ப்பு என்பது எங்களுக்கு இரண்டு கோடைகாலம். புதிதாக வாங்கலாமே என்றால், வீசாவும் மாஸ்டர்கார்டும் இந்த நாட்டு ஏ.டி.எம்.களுக்கு வந்ததே 2012 இறுதியில்.

சர்வர் அனுமதியை நம்பிய கேம் நம் கையில் இல்லை என்ற இந்தப் பாடம் மற்ற தேசங்களுக்குத் தாமதமாகப் போய்ச் சேர்ந்தது. 2014 மே 31இல், பல கேம்களின் இணைய ஆட்டத்தை நடத்திய கேம்ஸ்பை சர்வர்களை அணைத்தார்கள். எத்தனையோ பழைய கேம்கள் ஒரே இரவில் ஊமையாயின. 2015இல் விண்டோஸ் 10, சேஃப்டிஸ்க் பூட்டுக்கு வேண்டிய டிரைவரைக் கைவிட்டது. கையில் டிஸ்க், வாயில் கீ, ஆனாலும் கேம் ஓடாது. அதே ஆண்டு அமெரிக்க நாடாளுமன்ற நூலகம், அனுமதி கொடுக்கும் சர்வரைத் தயாரித்தவரே அணைத்துவிட்டால் அந்தப் பூட்டை உடைப்பது குற்றமில்லை என்று விலக்கு அளித்தது. நடைபாதைக்காரன் செய்ததற்கு வாஷிங்டனில் கையெழுத்து. 2024 மார்ச் 31இல் யூபிசாஃப்ட் த க்ரூ கேமின் சர்வரை நிறுத்தியபோது ஐரோப்பாவில் பெரிய கூச்சல் எழுந்தது. அந்தக் கூச்சலில் நியாயம் இருக்கிறது. விற்ற பொருளைத் திரும்பப் பறிக்கிறவன் வியாபாரி ஆகமாட்டான்.

எங்களுக்கு, இராணுவம் ஆட்சியைப் பிடித்த 2021 பிப்ரவரி 1 போதுமானதாக இருந்தது. காலையில் போன் இல்லை, இணையம் இல்லை. பிறகு இரவு தோறும் அணைத்தார்கள், மார்ச்சில் மொபைல் டேட்டாவையும் நிறுத்தினார்கள். வீட்டுக்குள் அடைந்து கிடந்த பிள்ளைகளின் புதிய கேம்கள் அனுமதி கேட்டு நின்றன. கடைக்கதவைப் பாதி திறந்து வைத்திருந்த என்னிடம் பழைய டிஸ்க் கேட்டு ஆட்கள் வந்தார்கள். பரண் டப்பாவில் இருந்த ஜெனரல்ஸும் ஸ்டார்கிராஃப்ட்டும் யாரிடமும் எதுவும் கேட்காமல் ஓடின.

1914 சட்டம் இப்போது இல்லை. 2019 மே மாதம் இயற்றிய புதிய பதிப்புரிமைச் சட்டம் 2023 அக்டோபர் 31 முதல் நடப்பில் இருக்கிறது. வெளிநாட்டு கேமுக்கும் பாதுகாப்பு உண்டு, நான் நகல் விற்பதில்லை. உங்களுடைய சொந்த நம்பரை உங்களுடைய சொந்த ஹார்டு டிஸ்க்கிலிருந்து எடுத்துத் தருவது மட்டும் இன்றும் என் வேலை. ஆனால் அதற்கு முன் தயாரித்தவரிடம் கேட்டுப் பாருங்கள். வால்வ் பழைய ஹாஃப்-லைஃப் கீயை ஸ்டீமில் ஏற்றுக்கொண்டது, ஸ்டார்கிராஃப்ட் மூலப் பதிப்பு 2017 முதல் இலவசம், தொலைந்த கீயைத் தேடவே வேண்டாம். இவ்வளவும் படித்தவர்களிடம் ஒன்று கேட்டுக்கொள்கிறேன். வீட்டில் பழைய கம்ப்யூட்டர் கிடந்தால் இரும்புக்காரரிடம் எடைக்குப் போடும் முன் நான்கு திருகைக் கழற்றி ஹார்டு டிஸ்க்கை எடுத்து வையுங்கள். மழைக்காலம் வருமுன் பெட்டியில் ஒட்டியிருக்கும் நம்பரையும் ஒரு போட்டோ எடுத்துவிடுங்கள்.