பணிநீக்கமும் கேட்கப்படும் உரிமையும்: சென்னை மாகாணத்தின் இரு வழக்குகளும் தாம்பரம் வட்டாரமும்

தாம்பரம் வட்டாரத்தில் பொதுப்பணியாளர் எனப்படுவோர் அனைவருக்கும் பணிப் பாதுகாப்பு ஒன்றன்று. ரயில்வே பணிமனைத் தொழிலாளியும் சானடோரியத்திலுள்ள அரசு நெஞ்சக மருத்துவமனையின் செவிலியரும் அரசமைப்பின் 311ஆம் உறுப்புக்குள் வருவர். விமானப்படைத் தளத்தின் குடிமைப் பணியாளர் பாதுகாப்புத் துறை சார்ந்த பதவி வகிப்பதால் அவ்வுறுப்புக்குப் புறம்பானவர். துறை விதிகளே அவருக்குத் துணை. மாநகராட்சி ஊழியரும், தன்னாட்சி நிறுவனமான தேசிய சித்த மருத்துவ நிறுவனத்தின் ஊழியரும் அவ்வுறுப்பைக் கோர இயலாது. ஒப்பந்ததாரர் வழியாகத் தெருக்கூட்டுபவர் மாநகராட்சியின் ஊழியராகவே கருதப்படுவதில்லை. செய்யும் பணியால் எழாத இவ்வேறுபாட்டின் வேரை 1936இல் பிரிவி கவுன்சில் தீர்த்த இரண்டு சென்னை மாகாண வழக்குகளில் காணமுடிகிறது.

1919ஆம் ஆண்டு இந்திய அரசுச் சட்டத்தின் 96பி பிரிவு, அரசு ஊழியர் மன்னரின் விருப்பம் உள்ளவரையே பதவி வகிப்பர் என்றது. அவ்விருப்பம் சட்டத்திற்கும் அதன்கீழ் வகுத்த விதிகளுக்கும் உட்பட்டது என்றும் சேர்த்தது. நியமித்தவரினும் கீழ்நிலை அலுவலர் பணிநீக்கம் செய்யலாகாது என்பது சட்டத்திலேயே இருந்தது. குற்றச்சாட்டை எழுத்தில் தந்து விசாரிக்கவேண்டும் என்பதோ விதிகளில் மட்டும் இருந்தது.

காவல்துறை உதவி ஆய்வாளர் ரங்காச்சாரியை நீக்கியவர் அவரை நியமித்தவரினும் கீழ்நிலை அலுவலர். ஆகவே அந்நீக்கம் செல்லாது என்று தீர்ப்பாயிற்று. அரசு அச்சகத்தில் பணியாற்றிய வெங்கடராவின் வழக்கு வேறுவிதமாக முடிந்தது. விதிப்படியான விசாரணை அவருக்குக் கிடைக்கவில்லை. எனினும் விதிமீறல் நீதிமன்றத்தில் வழக்காடும் உரிமையைத் தராது என்று பிரிவி கவுன்சில் கூறியது. விதிகள் எண்ணிறந்தவை, நுணுக்கமானவை, நீதிமன்றம் அவற்றைக் கண்காணிப்பது அரசுப் பணிக்கு இடையூறு என்பது அதன் காரணம். அரசு தன்னிச்சையாக நடவாது என்பதற்குச் சட்டம் அளித்த உறுதிமொழியை அதே தீர்ப்பு பெருமையாக எடுத்துரைப்பது வியப்பிற்குரியது. உறுதிமொழி உண்டு, அதைக் கேட்கும் இடம் மேலதிகாரியின் மேசைதான். ஊழியருக்கு முதன்மையான காப்பு, நீக்குபவரின் பதவிநிலை அன்று, தன் தரப்பைச் சொல்லும் வாய்ப்பே. அந்த வாய்ப்புக்கே வழக்குரிமை மறுக்கப்பட்டது.

1935ஆம் ஆண்டுச் சட்டத்தின் 240(3) பிரிவு அவ்வாய்ப்பை விதியிலிருந்து சட்டத்திற்கு உயர்த்தியது. அது 1937 ஏப்ரலில் நடைமுறைக்கு வந்தது. டேவிட் சௌரி முத்து 1928இல் தொடங்கிய தாம்பரம் காசநோய் விடுதியை அரசு ஏற்றதும் அதே ஆண்டில்தான். 240(3)இன் வழித்தோன்றலே 311(2).

இதன்பின்னும் ரயில்வே விதித்தொகுப்பின் 148(3), நிரந்தர ஊழியரையும் காரணம் கூறாமல் முன்னறிவிப்பு மட்டும் தந்து விலக்க இடமளித்தது. மோதிராம் டேக்கா வழக்கில் 1963 டிசம்பரில் உச்ச நீதிமன்றம் இவ்விதியை நீக்கியது. ஆனால் காலவரையறை ஒப்பந்தத்தில் சேர்ந்தவரை அதன்படி விலக்குவது 311க்குள் வாராது என்ற சதீஷ் சந்திர ஆனந்த் வழக்குத் தீர்ப்பு (1953) அதற்கு முன்பே வந்துவிட்டது. ஒப்பந்த நியமனம் பெருகியுள்ள இன்று டேக்கா தீர்ப்பினும் இதுவே மிகுதியானோரைத் தொடுகிறது எனலாம்.

311க்கு உட்பட்டோரும் 2003இல் சோதனைக்குள்ளாயினர். ஜூலைத் தொடக்கத்தில் தமிழ்நாடு அரசு ஊழியரும் ஆசிரியரும் வேலைநிறுத்தம் செய்தனர். ஜூலை 4ஆம் நாள் அவசரச் சட்டத்தின்வழி, தனித்தனி விசாரணையின்றி ஒன்றரை இலட்சத்திற்கும் மேற்பட்டோர் நீக்கப்பட்டனர். சென்னை உயர் நீதிமன்ற அமர்வு அவர்களை நிர்வாகத் தீர்ப்பாயத்திற்குச் செல்லுமாறு கூறியது. அத்தீர்ப்பாயத்தில் அப்போது பணியிலிருந்த உறுப்பினர் ஒருவரே. வெங்கடராவுக்குக் காட்டப்பட்ட மேலதிகாரியின் மேசையை இது நினைவூட்டுகிறது.

ஆகஸ்டு 6ஆம் நாள் வந்த டி.கே. ரங்கராஜன் வழக்குத் தீர்ப்பு, வேலைநிறுத்த உரிமை இல்லை என்றதற்காகவே பெரிதும் மேற்கோள் காட்டப்படுகிறது. விதிவிலக்கான அச்சூழலில் உயர் நீதிமன்றம் மனுக்களை ஏற்றிருக்கவேண்டும் என்று அதே தீர்ப்பு கூறிய பகுதி ஆய்வாளரிடம் உரிய கவனம் பெறவில்லை. பெரும்பாலோர் நிபந்தனையற்ற மன்னிப்பும் நடத்தை விதி 22ஐக் கடைப்பிடிப்பதாக உறுதியும் எழுதித் தந்து திரும்பினர். எஞ்சிய 6,072 பேரின் முறையீடுகளைக் கேட்க ஓய்வுபெற்ற உயர் நீதிமன்ற நீதிபதிகள் மூவர் அமர்த்தப்பட்டனர். அவர்கள் தம் தரப்பைச் சொல்லும் வாய்ப்பு நீக்கத்திற்குப் பின்னரே வந்தது.