'யோர்': ஆண்டுகளை இழந்த சொல்

சொல்லுக்கும் முதுமை உண்டு. வழக்கிலிருந்து அறவே நீங்கி அகராதியில் மட்டும் இடம்பெறும் சொற்கள் ஒருவகை; ஏதேனும் ஒரு தொடரைப் பற்றிக்கொண்டு எஞ்சி நிற்பவை மற்றொருவகை. கடந்த காலத்தைக் குறிக்கும் 'யோர்' என்னும் ஆங்கிலப் பழஞ்சொல் இரண்டாம் வகையைச் சார்ந்தது. இன்றைய ஆங்கிலத்தில் அது தனித்து நிற்பதில்லை. 'ஆஃப் யோர்' என்னும் தொடருக்குள் மட்டுமே வாழ்கிறது. 'டேஸ் ஆஃப் யோர்' என்றால் பண்டை நாள்கள். முன்னையோர், மூத்தோர் என்று சொல்லிப் பழகிய தமிழ்ச் செவிக்கு இவ்வொலி உறவுடையதுபோல் தோன்றலாம். அது தற்செயலான ஒலியொப்புமையே அன்றி வேறில்லை. ஆயினும் இச்சொல்லின் வரலாறு கவிதை எழுதுவோர் எம்மொழியினராயினும் அறியத்தக்கது. கடந்த காலத்தைச் சொல்லப் பிறந்த ஒரு சொல், அழகுக்காகவே போற்றப்பட்டமையால், கடந்த காலத்தைச் சொல்லும் ஆற்றலை இழந்த வரலாறு அது.

ஆண்டிலிருந்து பிறந்த சொல்

ஏறத்தாழ ஐந்தாம் நூற்றாண்டு முதல் பதினோராம் நூற்றாண்டு வரை வழங்கிய ஆங்கிலத்தைப் பழைய ஆங்கிலம் என்பர். அதில் ஆண்டைக் குறிக்கும் சொல் 'யேஆர்'. அதன் ஆறாம் வேற்றுமைப் பன்மை வடிவம் 'யேஆரா'. 'ஆண்டுகளின்' என்பது அதன் நேர்ப்பொருள். இவ்வடிவமே வினையடையாக நின்று 'ஆண்டுகளுக்கு முன்' என்னும் பொருளைத் தந்து, பின்னர் 'யோர்' எனத் திரிந்தது என்று பெரும்பாலான அகராதிகள் கொள்கின்றன. ஆறாம் வேற்றுமை வடிவம் வினையடையாவது அம்மொழிக்குப் புதிதன்று. 'ஒருமுறை' எனப் பொருள்படும் 'ஒன்ஸ்' என்னும் இன்றைய சொல்லின் ஈற்று ஒலியும் அவ்வேற்றுமையின் எச்சமே. மேலும் பின்னோக்கிச் சென்றால், பருவத்தைக் குறித்த கிரேக்கச் சொல்லொன்று இதன் உறவாக நிற்கிறது. அக்கிரேக்கச் சொல் இலத்தீன் வழியாக வந்து, மணிநேரத்தைக் குறிக்கும் 'அவர்' என்னும் ஆங்கிலச் சொல்லாயிற்று. ஆண்டும் நாழிகையும் ஒரே குடும்பத்தில் பிறந்தவை என்பது இதனால் விளங்கும்.

'பேவுல்ஃப்' என்னும் பழைய ஆங்கிலக் காப்பியம் 3182 அடிகளைக் கொண்டது. அதன் முதலடியிலேயே 'ஆண்டு', 'நாள்' என்னும் இரு சொற்களும் இணைந்த தொகைச்சொல் ஒன்று இடம்பெறுகிறது. டேனிய மன்னர்களின் புகழ் பரவிய முன்னாள்களை அது சுட்டுகிறது. 'யோர்' என்பதன் உடன்பிறப்பு என இத்தொகைச்சொல்லைக் கருதலாம். இக்காப்பியத்திற்குக் கிடைத்துள்ள கையெழுத்துப்படி ஒன்றே, கி.பி. 1000ஐ ஒட்டி எழுதப்பட்டது. 1731இல் லண்டனில் ஆஷ்பர்ன்ஹாம் இல்லத்தில் நேர்ந்த தீவிபத்தில் அதன் விளிம்புகள் கருகின. பின்னர் எழுத்துகள் சில உதிர்ந்தும் போயின. எஞ்சிய ஏடுகள் இன்று பிரித்தானிய நூலகத்தில் உள்ளன.

'நாடோடி' எனப் பெயர் தரத்தக்க 'தி வாண்டரர்' என்னும் தனிப்பாடல் எக்சிட்டர் சுவடியில் காணப்படுவது. 1072இல் மறைந்த ஆயர் லியோஃப்ரிக் எக்சிட்டர் பேராலயத்திற்கு அளித்த சுவடி அது. தன் தலைவனை மண்ணில் புதைத்துவிட்டுக் குளிர்கடலில் அலையும் ஒருவனின் கூற்றாக அப்பாடல் அமைகிறது. தலைவனைப் புதைத்த காலத்தைச் சொல்ல அவன் 'யேஆரா' என்னும் சொல்லையே ஆள்கிறான். அவன் சுட்டும் காலம் தொன்மக் காலமன்று. அவனுடைய வாழ்நாளுக்குள்ளேயே அடங்கிய சில ஆண்டுகள். அந்த ஆண்டுகளின் சுமையை அச்சொல் தாங்கி நின்றது.

வாழும் வழக்கில்

1066இல் நார்மானியர் இங்கிலாந்தை வென்றனர். அரசவையிலும் நீதிமன்றத்திலும் பிரெஞ்சு மொழி அமர்ந்தது. ஆங்கிலச் சொற்கள் பல வழக்கிழந்தன. வேற்றுமை உருபுகள் தேய்ந்தன. அம்மாற்றங்களுக்கிடையிலும் 'யோர்' பிழைத்தது. அதனுள் 'ஆண்டு' இருப்பதை மக்கள் மறந்திருக்கலாம். எனினும் அன்றாடச் சொல்லாகவே அது நீடித்தது. 'முன்பு' என்றும் 'நெடுங்காலமாக' என்றும் அதற்குப் பொருள் வழங்கியது.

1400இல் மறைந்த சாசர் 'பறவைகளின் பேரவை' என்னும் தம் பாடலின் தொடக்கத்தில், பழைய நூலொன்றைத் தாம் அண்மையில் கண்டதாகக் கூறுகிறார். சிசெரோ எழுதிய 'சிப்பியோவின் கனவு' என்பதே அந்நூல். 'நெடுநாளாகவில்லை' என்று சொல்ல வேண்டிய அவ்விடத்தில், 'யோர்' என்பதோடு எதிர்மறையைச் சேர்த்து எழுதுகிறார் சாசர். இந்நுட்பம் நோக்கத்தக்கது. இன்று 'டேஸ் ஆஃப் யோர்' என்பவரிடம் 'எவ்வளவு காலத்திற்கு முன்?' என்று கேட்க இயலாது. சாசர் காலத்து 'யோர்' அளக்கத்தக்கது, மறுக்கத்தக்கது, நேற்றைக்கு அருகிலும் வந்து நிற்கத்தக்கது. தமிழ் இலக்கணம் வகுத்த பாகுபாட்டால் சொல்வதாயின், அன்று அது இயற்சொல். பின்னரே திரிசொல் ஆயிற்று.

இறந்தோர் கூந்தல்

பதினாறாம் நூற்றாண்டின் பிற்பகுதியில் பழஞ்சொல் மோகம் ஆங்கிலக் கவிஞர்களைப் பற்றியது. 1579இல் வெளிவந்த ஸ்பென்சரின் 'மேய்ப்பரின் நாட்காட்டி' வழக்கொழிந்த சொற்களை வேண்டுமென்றே ஆண்டது. அதனால் சொற்பொருள் விளக்கமும் அந்நூலுடனேயே அச்சாயிற்று. சாசரைத் தம் ஆசானாகக் கொண்டவர் ஸ்பென்சர். முன்னோர் மொழியை மீட்பது நாட்டு மொழிக்குச் செய்யும் தொண்டு என்பது அவர் தரப்பினரின் வாதம். பென் ஜான்சன் அதனை ஏற்கவில்லை. பழமையை நடித்த ஸ்பென்சர் எம்மொழியிலும் எழுதாதவராகிவிட்டார் என்பது அவருடைய கடுந்தீர்ப்பு. இவ்விரு தரப்பும் இன்றுவரை ஓய்ந்தபாடில்லை.

1609இல் அச்சான ஷேக்ஸ்பியரின் பதினான்கடிப் பாடல்களுள் 68ஆம் பாடல் 'யோர்' என்னும் சொல்லோடு முடிகிறது. அப்பாடலின் பொருள் வியப்பூட்டுவது. இறந்தோர் தலையிலிருந்து கத்தரித்த கூந்தலைப் பொய்ம்முடியாக்கி உயிரோடிருப்போர் சூடிக்கொள்ளும் அக்கால வழக்கத்தை அது இகழ்கிறது. அவ்வழக்கம் தோன்றுமுன் இருந்த இயற்கை அழகுக்குச் சான்றாக நண்பனின் முகத்தைக் காட்டுகிறது. செயற்கையைக் கடியும் அப்பாடலின் ஈற்றில், அக்காலத்திற்குள்ளேயே நரைகண்டுவிட்ட ஒரு சொல் வந்து அமர்கிறது. அங்கு அது பொருத்தமாகவே நிற்கிறது. ஆயினும் பின்வந்தோர் பலர் 'யோர்' என்னும் சொல்லையே இறந்தோர் கூந்தல்போல் எடுத்துச் சூடினர்.

பதினெட்டாம் நூற்றாண்டில் இம்மோகம் ஓர் இளைஞனின் வாழ்வோடு விளையாடியது. பிரிஸ்டல் நகரில் பிறந்த தாமஸ் சாட்டர்டன், பதினைந்தாம் நூற்றாண்டில் வாழ்ந்த ரௌலி என்னும் துறவியைத் தானே கற்பித்து, அவர் பாடியனவாகப் பாடல்கள் புனைந்தான். பழஞ்சொற்களை அகராதிகளிலிருந்தும் அருஞ்சொற் பட்டியல்களிலிருந்தும் திரட்டினான். 1770 ஆகஸ்டில், பதினெட்டு வயது நிறையுமுன், லண்டனில் ஒரு வாடகை அறையில் நஞ்சினால் இறந்தான். சாசரின் பதிப்பாசிரியரான டிர்விட் 1777இல் அப்பாடல்களை வெளியிட்டார். 1778இல் இணைத்த பின்னிணைப்பில், அவை பழம்பாடல்கள் அல்ல என்பதை மொழிச் சான்றுகளால் நிறுவினார். சொற்கள் பழையன, அவற்றை இணைத்த இலக்கணமோ பழையதன்று. அச்சிறுவனின் கவித்திறன் மெய்யானது என்பதைப் பின்வந்த கவிஞர்கள் உணர்ந்து போற்றினர். தன் காலத்துச் சொல்லில் பாடியிருப்பின் தன் பெயராலேயே அவன் கேட்கப்பட்டிருப்பானோ என்னும் வினா மட்டும் எஞ்சுகிறது.

ஓசையின் ஆட்சி

1845 ஜனவரியில் வெளியான எட்கர் ஆலன் போவின் 'தி ராவன்' என்னும் பாடலால் 'யோர்' அட்லாண்டிக்கின் இருகரையிலும் ஒலித்தது. காக்கை இனத்துப் பெரும்பறவை ஒன்று நள்ளிரவில் அறைக்குள் புகுந்து, 'இனி ஒருபோதும் இல்லை' எனப் பொருள்படும் 'நெவர்மோர்' என்னும் ஒரே சொல்லைத் திரும்பத் திரும்பக் கூறுவது அப்பாடல். நெடில் ஓகாரமும் ரகரமும் சேர்ந்த ஒலியைத் தாம் ஓசை கருதியே தேர்ந்ததாகப் போ 1846இல் எழுதிய கட்டுரையில் விளக்குகிறார். கதவைக் குறிக்கும் 'டோர்', பழங்கல்வியைக் குறிக்கும் 'லோர்' ஆகியவற்றோடு 'யோர்' என்பதும் அவ்வியைபில் சேர்ந்தது. பறவை எந்தக் காலத்திலிருந்து வந்தது என்பது அங்கே பொருட்டன்று, ஓசையே பொருள். திறம்வாய்ந்த கவிஞர் செய்தமையால் அது வென்றது. அவ்வழியில் நடந்த சிறு கவிஞர்களுக்கோ, 'யோர்' இயைபுக்காகக் கைக்கெட்டும் தூரத்தில் வைத்த சொல்லாகிவிட்டது.

பாடலில் மறைந்த ஆண்டு

ஓசையும் மங்கலும் கலந்த இச்சொல் அரசியலிலும் தன் வேலையைக் காட்டியது. 1867இல் கனடா கூட்டாட்சியாக உருவானது. அவ்வாண்டிலேயே, ஸ்காட்லாந்தில் பிறந்து டொராண்டோவில் பள்ளி ஆசிரியராக இருந்த அலெக்சாண்டர் மியூர் 'மேப்பிள் இலை என்றும் வாழ்க' என்னும் பாடலை இயற்றினார். 'யோர்' நாள்களைச் சொல்லித் தொடங்கும் அப்பாடல், பிரித்தானியத் தளபதி வுல்ஃப் அந்நாட்டில் வந்திறங்கியதைப் புகழ்கிறது. வுல்ஃப் கியூபெக் நகருக்கு வெளியே போரிட்டு மாண்ட நாள் 1759 செப்டம்பர் 13. பிரெஞ்சுத் தளபதி மோன்கால்ம் அப்போரில் காயமுற்று மறுநாள் இறந்தார். பாடல் எழுதப்பட்டபோது அப்போருக்கு வயது 108. நாளும் களமும் மாண்டவர் பெயரும் தெரிந்த ஒரு நிகழ்ச்சி, 'யோர்' என்ற ஒரே சொல்லால் பழங்கதையின் மூடுபனிக்குள் சென்றது. இங்கிலாந்தின் ரோஜாவும் ஸ்காட்லாந்தின் முட்செடியும் அயர்லாந்தின் மூவிலையும் பாடலில் இடம்பெற்றன. தோற்றுப்போய் அந்நாட்டிலேயே வாழ்ந்த பிரெஞ்சு மொழியினர்க்கு அதில் இடமில்லை. அவர்தம் நினைவில் அப்போர் பழங்கதையாகவில்லை. ஆங்கிலம் பேசுவோர் அப்பாடலை நெடுங்காலம் பாடினர். ஆனால் 1980இல் சட்டப்படி நாட்டுப்பண்ணாக ஏற்கப்பெற்றது, 1880இல் முதலில் பிரெஞ்சு மொழியில் பிறந்த 'ஓ கனடா'வே.

மீண்டும் ஆண்டு

'யோர்' தன் ஆண்டை இழந்தபின், ஆண்டை உள்ளடக்கிய வேறொரு சொல்லை ஆங்கிலம் தேட நேர்ந்தது. பதினைந்தாம் நூற்றாண்டுப் பிரெஞ்சுக் கவிஞர் வியோன், மறைந்துபோன மகளிரைப் பற்றிய பாடலில் 'ஆன்தான்' என்னும் சொல்லை ஆண்டார். 'ஆண்டுக்கு முன்' எனப் பொருள்படும் இலத்தீன் தொடரிலிருந்து வந்த அச்சொல்லுக்குக் 'கடந்த ஆண்டு' என்பதே முதற்பொருள். அதனை மொழிபெயர்க்கப் புகுந்த தாந்தே கேப்ரியல் ரொசெட்டி, 'நேற்று' என்பதன் முற்பகுதியோடு 'ஆண்டு' என்பதைச் சேர்த்து 'யெஸ்டர்இயர்' என்னும் புதுச்சொல்லை ஆக்கினார். 1870இல் வெளிவந்த அவருடைய தொகுப்பில் அது இடம்பெற்றது. வியோனின் பாடலில் பெயர்கள் உண்டு. அப்பெயர்களுள் ஒருத்தி, 1431இல் ரூவான் நகரில் ஆங்கிலேயர் ஆட்சியில் எரிக்கப்பட்ட ஜோன். வியோன் பிறந்த ஆண்டும் அதுவே எனப் பொதுவாகக் கொள்வர். அவருடைய கடந்த காலம் ஊரும் பேரும் உடையது. ரொசெட்டியின் சொல்லோ விரைவில் 'யோர்' சென்ற வழியே சென்றது. பழைய திரைநட்சத்திரங்களைக் குறிக்கும் அடைமொழியாக இந்திய ஆங்கில நாளேடுகளில் அதனைக் காணலாம்.

'பேவுல்ஃப்' காப்பியத்தின் இரு மொழிபெயர்ப்புகள் இவ்வரலாற்றை நிறைவு செய்கின்றன. வில்லியம் மோரிஸ், ஏ. ஜே. வியாட் என்பவரின் துணையோடு ஆக்கிய மொழிபெயர்ப்பு 1895இல் கெல்ம்ஸ்காட் அச்சகத்திலிருந்து வெளிவந்தது. முதலடியின் தொகைச்சொல்லுக்கு நிகராக 'யோர்' என்பதையே அவர் 'நாள்' என்பதோடு சேர்த்தார். மூலத்தின் எலும்புக்கூட்டைக் காட்ட வேண்டும் என்னும் நேர்மையான முயற்சி அது. ஆனால் ஆங்கிலத்தில் பெயர்த்த அந்நூலுக்கு, வழங்காச் சொற்களின் பொருட்பட்டியலை அவரே சேர்க்க வேண்டியதாயிற்று. 1999இல் அயர்லாந்துக் கவிஞர் ஷேமஸ் ஹீனி அதே காப்பியத்தைப் பெயர்த்தபோது, தம் உறவினர் பேச்சைத் தொடங்கும் எளிய சொல்லால் நூலைத் தொடங்கினார். 'யோர்' இருந்த இடத்தில் கழிந்த நாள்களைச் சுட்டும் அன்றாடச் சொற்களை வைத்தார். பழமையை அறியாமையால் அவர் அவ்வாறு செய்யவில்லை. காப்பியத்தின் துயரம் கேட்போர் செவியை நேரே சேர வேண்டும் என்பதே அவர் கருத்து.

பழஞ்சொல் கூடாது என்பது இவ்வரலாற்றின் முடிவாகாது. ஷேக்ஸ்பியரின் ஈற்றடியில் 'யோர்' உயிரோடிருக்கிறது. போவின் பாடலில் அதன் ஓசை இன்றும் நடுங்குகிறது. எந்தக் காலம், எவருடைய காலம் என்னும் வினாக்களுக்கு விடையிறாமல் தப்பிக்கும் இடங்களிலேயே அது வெற்றணியாகிறது. தலைவனைப் புதைத்துவிட்டுக் கடலில் அலைந்த அந்தப் பெயரறியா நாடோடிக்கு அத்தகைய தப்பித்தல் இல்லை. அவன் 'ஆண்டுகளின்' என்றபோது ஒவ்வோர் ஆண்டையும் எண்ணியே சொன்னான். எண்ணியவன் வாயில் பிறந்த சொல் அது. அதனை மீண்டும் எடுப்போர் அவனைப்போல் எண்ணிய பின்னரே எடுத்தல் முறையாகும்.